செக்குபந்தி

கொழிஞ்சாம்பாறை ரிஜிஸ்டிரார் ஆபீஸ் எதிரே
வேப்பமரத்தடியில் இரண்டு மேசைகள்.
ஒன்றில் நான் முத்திரைத்தாள் விற்றேன்.
மற்றதில் மதலேனம்மாள் பத்திரம் எழுதினாள்.
முப்பத்தொரு வருஷம்.
என் மேசைக்கு ஒரு கால் குட்டை.
அவள் தூக்கிப்போட்ட கார்பன்தாளை மடித்து
அண்டை கொடுத்திருந்தேன்.

காலையெல்லாம் நிலம்:
கடலைக்காடு, பனைவரிசை, கிணற்றில் ஆறிலொரு பங்கு.
மூன்று மணிக்குக் கூட்டம் வடிந்ததும்
இன்னொரு நோட்டை எடுப்பாள்.
சண்டைக்காலத்தில், சயாம் காட்டில்
ஜப்பான்காரன் தண்டவாளம் போட
மலாயாத் தோட்டங்களிலிருந்து அள்ளிப்போனவர்களில்
இந்தப் பக்கத்து ஆட்கள்.
நிலத்துக்குப் போலவே எல்லை சொல்லி,
ஆளுக்கு ஒரு பக்கம்.

"வண்ணாமடை ராக்கன், வயது இருபத்திரண்டு.
கிழக்கே: பெயர் தெரியாத ஆறு.
வடக்கே: வாந்திபேதிக் கொட்டகை.
தெற்கே: முன்பணம் ரூபாய் பதினெட்டு, தீராதது.
மேற்கே:"

மேற்கே ஒன்றும் இருக்காது.
எல்லாப் பக்கத்திலும் அந்த வரி மட்டும் வெறுமை.
தெரியாமல் விட்டிருப்பாள் என்று நினைத்தேன்.
நினைக்க விரும்பினேன்.

அவள் சனத்தில் யாரும் அங்கே சாகவில்லை.
பிறகு ஏன் என்று கேட்பவர்களிடம்
"யாரு சொத்தானாலும் பத்திரம்
நாந்தான எழுதறனுங்க" என்பாள்.
ஞாயிறு பூசை முடிந்ததும் பஸ் ஏறி
எருத்தேன்பதி, ஒழலப்பதி, வேலந்தாவளம்.
திரும்பிவந்த ஒருவர் கடைசிவரை வாய் திறக்கவில்லை.
மூங்கில் முறியும் சத்தம் கேட்டால் மட்டும்
எழுந்து நிற்பாராம்.
அதையும் எழுதினாள். அவருக்கும் ஒரு பக்கம்.

ஒருமுறை ஜெர்மனிக்காரி ஒருத்தி வந்தாள்.
யூதர்களை இழுத்துப்போன வாசல்களில்
ஆளுக்கொரு பித்தளைக்கல் பதித்திருக்கிறதாம் அவள் ஊரில்.
மண்டியிட்டுத் துடைப்பது அவள் வேலை.
"பக்கத்து வூட்டுக்காரங்க அந்த வழியா நடக்கறாங்களா?"
நடக்கிறார்கள்.
"கீழ பாக்கறாங்களா?"
அதற்கு அவள் என்ன சொன்னாளோ,
நான் தாள் எண்ணிக்கொண்டிருந்தேன்.

அப்புறம் அந்தக் கிடங்கு.
கப்பலுக்குப் போகும் ஆட்களை
மூன்று ராத்திரி அடைத்துவைத்த இடம்.
இடிக்க வந்தபோது பாலக்காட்டுக்கு மனு எழுதினாள்.
"தெளிவுண்டோ?" என்றார் அதிகாரி.
அத்தாட்சி ஏதும் அவள் கையில் இல்லை.
இன்று அங்கே லாரி எடைமேடை.
ஒரே ஒரு சுவர் தப்பியது,
கள்ளுக்கடைக்கு முதுகாக.
அதில் கரிக்கோடுகள், ஐந்தைந்தாக.
மழைக்கு முன் ஒவ்வொரு வருஷமும்
தகரம் வாங்கி மறைப்பாள்.
குடிகாரர்களே ஏணி பிடிப்பார்கள்.

அத்தாட்சி என் வீட்டுப் பரணில் இருந்தது.
அப்பா கங்காணி.
பற்று நோட்டில் கைநாட்டுகள்,
எதிரே தமிழ் எண்ணில் ௧௮, ௧௮, ௨௨.
மனு எழுதத் தாள் விற்றவன் நான்.
சில்லறையும் கொடுத்தேன்.

போன தை மாதம்
அந்த நோட்டை அவள் மேசையில் வைத்தேன்.
அவள் திடுக்கிடவில்லை.
கண்ணாடியைத் துடைத்தாள்,
தன் நோட்டை முதலிலிருந்து திருப்பினாள்,
பேனாவை உதறினாள்.
"வூட்டுப் பேரு எப்படி எழுதோணுங்க?"
மேட்டுக்களம் என்றேன்.
மேற்கே எழுதினாள்.

அடுத்த பக்கம்.
"வூட்டுப் பேரு?"

நூற்றுப் பதினான்கு பக்கம்.
ஒவ்வொன்றுக்கும் கேட்டாள்.
ஒவ்வொன்றுக்கும் சொன்னேன்.