டன்னேஜ், இரண்டு மூட்டை

ஃபுஜைராவில், கப்பல்களுக்குச் சாமான் ஏற்றும் கடையில்
வயர்லெஸ்ஸும் பில் புத்தகமும் என் பொறுப்பு.
தருமபுரிக்காரி. இருபத்தாறு வயதுவரை
ஒகேனக்கல்தான் நான் பார்த்த பெருந்தண்ணீர்.

முன்பிருந்த கிளார்க் விட்டுப்போன கப்பல் அகராதி
மேசைக்காலுக்கு முட்டாகக் கிடந்தது.
உருவி எடுத்தேன்.
மேசை இன்றுவரை ஆடுகிறது.

கடற்காரர்களின் ஆங்கிலம் எழுத்தை நம்புவதில்லை.
படகின் மேல்விளிம்பு, எழுதுவது கன்வேல்,
சொல்வது கன்னல்:
உப்பில் ஊறிய பலகைக்குக் கரும்பின் பெயர்.
கப்பலில் தின்னும் பண்டத்தை
விக்சுவல்ஸ் என்று எழுதி விட்டில்ஸ் என்கிறார்கள்.
முதல் மாதம் யாரோ நாற்பது பேருக்கு விட்டில் கேட்க,
விளக்கைச் சுற்றும் பூச்சியை நினைத்துக்கொண்டு
ஸ்டாக் இல்லை என்றேன்.

மார்ச்சில், பதினாறாம் சேனலில் ஒரு குரல்:
"ஓரியல் பே. போசன் ஸ்பீக்கிங்."
போசனம் என்று குறித்துக்கொண்டேன்.
அகராதி பிறகு திருத்தியது:
போட்ஸ்வெய்ன் என்று எழுதிப் போசன் என்று படிக்கவும்.
கயிறு, நங்கூரம், தளத்து ஆட்கள்
எல்லாவற்றுக்கும் அவரே பொறுப்பு.

நான் கேட்டதும் தப்பில்லை.
முதலாளி கைகழுவிய கப்பல்.
பதினோரு மாதமாக நங்கூரத்தில்.
ஒன்பது பேர். சம்பளம் இல்லை.
அரிசி நான்கு நாளைக்கு.

இக்னேஷியஸ் கர்வாலோ, தூத்துக்குடி.
நான் சொன்ன ஒரே ஒரு 'ஓவரில்'
என் ஊர்ப்பக்கத்தைப் பிடித்துவிட்டார்.

"பழைய பாக்கி தீராமல் ஒரு வெங்காயம் போகாது"
என்றார் மேனேஜர் ஸக்கறியா.
நல்ல மனிதர்தான். அவருக்கும் மேலே ஆள் உண்டு.

அன்றிரவு விரல் நின்ற இடம்:
டன்னேஜ், பெயர்ச்சொல்.
சரக்கு உருளாமல், நசுங்காமல் இருக்க
இடையில் செருகும் பலகைத்துண்டு, பாய், கந்தல்.
விலை கிடையாது.
எடையைச் சொல்லும் டன்னேஜ் வேறு.
ஆங்கிலத்தில் முதலெழுத்து மாறும்.
என் வாயில் இரண்டும் ஒரே ட.
ஸக்கறியா எதுவென்று எண்ணித் தலையாட்டினாரோ,
நான் கேட்கவில்லை.

வேறு கப்பலுக்குப் போகும் படகில்
வாரம் இரண்டு மூட்டை.
உள்ளே பொன்னி, துவரை, ஒருமுறை கருவாடு.

"சரக்கு உருளாம இருக்கா, ஓவர்?"
"ஒம்பது வயித்துலயும் சம்மணம் போட்டு
உக்காந்திருக்கு, ஓவர்."

ஆகஸ்டில் இழுவைப்படகு வந்தது.
ஆட்கள் நேரே விமானத்துக்குப் போனார்களாம்.
சம்பளத்தில் பாதி கிடைத்ததா, கால்வாசியா,
தெரியாது. அவர் முகமும் தெரியாது.
ஓரியல் பே எனக்குக்
கண்ணாடி ஜன்னலில் ஒரு துருப்பொட்டு;
பல்லி எச்சம் என்று ஒருமுறை துடைத்தும் பார்த்தேன்.

டெரிலிக்ட்:
திரும்பும் எண்ணமும் நம்பிக்கையும் இன்றி
ஆட்கள் விட்டிறங்கிய கப்பல்.
உச்சரிப்பில் வில்லங்கம் ஏதுமில்லை.
எழுதியபடியே படிக்கலாம்.

பில் புத்தகத்தில் என் கையெழுத்தில்
டன்னேஜ், நாற்பத்துநான்கு மூட்டை,
விலை சூனியம்.
குடோனில் அரிசி இடிக்கிறது.

வியாழக்கிழமை ஆடிட்டர் வருகிறார்.
ஆங்கிலம் நன்றாகத் தெரிந்தவராம்.