இரண்டு விரல் இடைவெளி

கரையில் ஒதுங்கிக் கிடந்தது ஒரு கடல்நாய்,
செத்து ஒரு வாரமாவது ஆகியிருக்கும்.
நாக்சி அதன்மேல் புரண்டாள்.
தோள்பட்டை முதலில், பிறகு முதுகு,
பிறகு நான்கு காலும் வானத்தைப் பார்க்க,
பேரம் படிந்தவளின் திருப்தியோடு.
நாய்மேல் கடல்நாய் நாற்றம்.
பெயரில் பாதி ஒன்றென்று
உறவு கொண்டாடினாளோ என்னவோ.

வைகே பள்ளிப் பேருந்தை நிறுத்திவிட்டு வந்து
சாவியை ஆணியில் மாட்டவில்லை,
அதற்குள் வாடை முகத்தில் அறைந்தது.
“வராதே. அங்கேயே நில்.”
நாக்சி வாலாட்டினாள்,
என் புது அத்தர் எப்படி என்று கேட்கிற வால்.

சௌனாக் குடிலுக்குப் பின்னால் தகரத் தொட்டி.
இரண்டு வாளி வெந்நீர், மூன்று வாளி கிணற்று நீர்.
மே மாதம்தான்.
ஹீயுமா தீவில்
தண்ணீருக்கு இன்னும் பல் விழவில்லை.

கழுத்துப்பட்டையைக் கழற்றுவதா, விடுவதா?
எட்டாக மடித்த தாள்
பதினோரு மொழியில் எறும்பெழுத்தில் சொல்கிறது:
அடிக்கடி குளிப்பாட்டினால்
மருந்தின் ஆயுள் குறையும்.
இது இந்த மாதத்தில் மூன்றாவது.
முதலாவது, மாட்டுச் சாணம்.
இரண்டாவதைப் பற்றி
வைகே யாரிடமும் சொல்லப்போவதில்லை.

இங்கே உண்ணிகள் பனி கரையும்போதே விழித்துக்கொள்ளும்.
புல்நுனியில் ஏறி
முன்னங்கால்களை நீட்டிக் காத்திருக்கும்,
வசூலுக்கு வந்தவனைப்போல அவசரமில்லாமல்.
பக்கத்துத் தோட்டத்து எண்டெல்
போன கோடை முழுக்க மூட்டுவலியில் கிடந்தார்,
எள்ளளவு பூச்சியொன்றால்.
எழுந்ததும் புல்வெளியையே வெட்டித் தள்ளினார்.

கழற்றினாள்.
சாம்பல் பட்டை, விரலில் மாவுபோல் ஒட்டுகிறது.
உள்பக்கம் மையில் ஒரு தேதி: ஏப்ரல் 14.
ஆர்வோவின் நான்கு,
எப்போதும் கவிழ்ந்த நாற்காலி.
ஹெல்சிங்கியில் கட்டட வேலை,
கப்பலுக்குக் கிளம்பும் அவசரத்தில் மாட்டிவிட்டுப் போனது.
இரண்டு வாரம் என்றான்.
இது ஐந்தாவது.

சோப்பு நுரையில் நாக்சி பாதியாகிப்போனாள்.
இவ்வளவு சின்ன நாயா இத்தனை நாளும்
அவ்வளவு ரோமத்துக்குள் குடியிருந்தது!
குற்றவாளிக் கூண்டில் நிற்பவள்போல
கண்ணை வேறெங்கோ வைத்திருந்தாள்.
கழுத்து, வயிறு, தொடைச்சந்து,
கால்விரல்களின் இடுக்கு.
வலது காதின் மடிப்பில் தட்டுப்பட்டது,
ஆமணக்கு விதைபோல் ஊதி,
காவல்காரன் முதுகுக்குப் பின்னாலேயே விருந்துண்டு.
சாமணத்தால் பிடித்து நேரே இழுத்தாள்.
திருகவில்லை. திட்டினாள்,
நாயையா பூச்சியையா, தெளிவில்லை.

பிறகு அந்த உதறல்.
வைகேயின் கண்ணாடி, சட்டை, சுவர்,
அடுக்கிவைத்த பிர்ச் விறகு,
எல்லாவற்றுக்கும் பங்கு கிடைத்தது.

துவட்டி முடித்து, வெயிலில் காயவைத்து,
மீண்டும் பட்டை.
தாள் சொல்கிறது: கழுத்துக்கும் பட்டைக்கும் இடையில்
இரண்டு விரல் நுழைய வேண்டும்.
பழைய துளையிலேயே மாட்டினாள்.
இரண்டு விரல் நுழைந்து, மூன்றாவதும் நுழைந்து,
இன்னும் இடம் இருந்தது.

யாருடைய இரண்டு விரல்?
பதினோரு மொழியிலும் அது இல்லை.
ஆர்வோ சிமெண்டு குழைக்கிறவன்.
அவன் இரண்டு, இவளுக்கு மூன்றரை.
அவன் சரியாகத்தான் அளந்திருக்கிறான்,
அவன் கைக்கு.

இரண்டு துளை உள்ளே தள்ளி மாட்டினாள்.
தன் விரலை விட்டுப் பார்த்தாள்.
நாக்சி கழுத்தை ஒருமுறை ஆட்டினாள்,
புது முதலாளியின் சம்பளத்தை எண்ணுவதுபோல.

ஈரக் கையோடு கைபேசியை எடுத்தாள்.
இன்னும் பத்து நாள் ஆகும், மேஸ்திரி விடவில்லை.
சரி. நாய் குளித்துவிட்டது என்று அனுப்பினாள்.
வேறொன்றும் எழுதவில்லை.

தொட்டியைச் சாய்த்தாள்.
சாம்பல் நீர் சரிவைத் தேடி ஓட
நாக்சி அதற்கு முன்னால் ஓடினாள்,
வெளிவாசலைத் தாண்டி
ஜூனிப்பர் புதர்களைத் தாண்டி.
காற்று கடலிலிருந்து அடித்துக்கொண்டிருந்தது.
“நாக்சி!” என்றாள் வைகே.
பிறகு, வாளியைக் கவிழ்க்காமல்
கிணற்றடியிலேயே வைத்தாள்.