பின்னணிக் குரல்

நேவா நதிக்கரைப் பனியில்
வெறுங்காலோடு பதினோரு முறை ஓடினாள் கிளாஃபிரா.
பன்னிரண்டாவதில்தான்
இயக்குநர் தலையசைத்தார்.
படம் பெட்டியை விட்டு வரவேயில்லை.
யாரோ ஓர் அதிகாரிக்கு
அந்த ஓட்டத்தில் நம்பிக்கை போதவில்லையாம்.

பிறகு முப்பது வருடம்
இருட்டறையில், மைக்கின் முன்,
இத்தாலிக்காரிகளுக்கெல்லாம்
ருஷ்ய மொழியில் அழுதாள்.
அவர்கள் வாய் மூடினால் மூடி
மூச்சிழுத்தால் இழுத்து.

ஒரு கால் விரலில் மட்டும்
இன்றும் உணர்ச்சி கிடையாது.

மீன்கடை வரிசையில் நேற்று
"அரைக் கிலோ. தலை வேண்டாம்" என்றாள்.
தராசுக்காரி நிமிர்ந்து பார்த்தாள்;
பார்த்தது போதாமல்
கண்ணை மூடிக்கொண்டாள்.
"இன்னொரு தடவை சொல்லுங்களேன்."

சொன்னாள் கிளாஃபிரா,
எவள் உதட்டுக்கும் காத்திராமல்.

வீட்டில் பொட்டலத்தைப் பிரித்தால்
முக்கால் கிலோ இருக்கும்,
தலையோடு.