நாலு விரல்

தெற்கிலிருந்து வருகிறதென்றாலும் அது தென்றல் இல்லை.
ஸ்பிளிட் துறைமுகத்தில் யூகோ என்பார்கள்.
அது வீசும் நாட்களில் சுவரும் வியர்க்கும்,
யாரும் பெரிய முடிவு எதுவும் எடுக்க மாட்டார்கள்.
அப்படியொரு மார்ச் இரவு, சினிமா கழகத்தில் பதினேழு பேர்.
புரொஜெக்டர் ஓட்டும் என்னையும் சேர்த்தால் பதினெட்டு.

விங்காவின் படம். எட்டு நிமிடம். ஒலி கிடையாது.
விங்கா வரவில்லை. தலைவலியாம்.

அவள் வீட்டுச் சமையலறை.
அவள் கணவன் யெர்கோ, கப்பல் பட்டறை வெல்டர்,
சூப் குடிக்கிறான்.
மறுநாள் சூப் குடிக்கிறான்.
மறுநாள்.

யாரோ இருமினார்கள்.
பிறகு முன்வரிசையில் ஒரு பெண்,
"அடுப்பு எங்கே போச்சு?"

அடுப்பு போகவில்லை.
மேசைதான் போய்க்கொண்டிருந்தது,
நாளுக்கு நாலு விரல், வாசலைப் பார்த்து.
அவனும் கூடவே போனான்,
உப்புக் கிண்ணமும் செய்தித்தாளுமாக,
ஜன்னலைத் தாண்டி,
கோட்டு மாட்டும் ஆணியைத் தாண்டி.
முப்பதாம் நாள் மேசைக்கு
இரண்டு கால் உள்ளே, இரண்டு கால் வெளியே.
நாற்பதாம் நாள்
மாடிப்படித் திருப்பத்தில் உட்கார்ந்து
சூப்பை ஊதுகிறான்.
மேல்வீட்டுப் பெரினா முட்டைக்கோஸ் பையோடு
வயிற்றை எக்கி ஒதுங்கி
வணக்கம் சொல்லி ஏறிப்போகிறாள்.

அரங்கமே சிரித்தது. யெர்கோதான் அதிகம்.

எல்லோரும் பிராந்திப் பக்கம் நகர்ந்தபின்
ரீல் சுற்றிக்கொண்டிருந்த என்னிடம் வந்தான்.
"மூணாம் நாளே தெரியும் எனக்கு.
நாற்காலியை யார் இழுத்துப் போட்டுக்கிட்டது? நான்தானே."
கேட்டிருக்கலாமே என்றேன்.
"கேட்டா நிறுத்திருப்பா"
என்றவன் தொப்பியைத் தேடினான்.
அது அவன் கையில்தான் இருந்தது.

அவனிடம் நான் சொல்லாத ஒன்று.
மேசைமேல் சூப்புப் பாத்திரம், அதற்கு வெள்ளி மாதிரி ஒரு மூடி.
ஒவ்வொரு நாளும் அந்த மூடியில்
முக்காலி, அதன்மேல் கேமரா,
பின்னால் கடுகளவு விங்கா.
இன்று மதியம் ஒட்டுகளைச் சரிபார்க்கும்போது
பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தேன்.
நாற்பதாம் நாள்
முக்காலி இருக்கிறது.
சாவி கொடுத்த கேமரா தன்பாட்டுக்கு ஓடுகிறது.

யெர்கோ நிமிர்ந்து அந்த இடத்தைப் பார்க்கிறான்.
ஒலி கிடையாது.
உதடு சொல்வது, ரொட்டி.