இரண்டரை

தபால் பெட்டி வரை நாற்பது தப்படி.
மூன்று முறை நிற்பேன்.
முதல் நிறுத்தம் ட்ரக்கின் பானெட்,
இரண்டாவது வேலிக் கம்பம்,
மூன்றாவது
வெறும் காற்று.
பிடித்துக்கொள்ள அங்கே ஒன்றுமில்லை.

மேற்கு வர்ஜீனியாவின் இந்த மலைக்குள்
இருபத்தேழு வருஷம் குனிந்தே நடந்தேன்.
ஓய்வு பெற்ற பிறகும் மலை என்னை விடவில்லை;
பொடிப்பொடியாக
நெஞ்சுக்குள் குடியேறிவிட்டது.
எக்ஸ்ரே எடுத்த பையன்
வெள்ளைத் திட்டுகளைக் காட்டினான்.
கரி ஏன் வெள்ளையாகத் தெரிகிறது என்று கேட்டேன்.
கேட்டு முடிப்பதற்குள்
அடுத்த ஆளைக் கூப்பிட்டுவிட்டான்.

மருந்தின் பெயரை டாக்டர் ஓக்போனா சொன்னபோது
ஓப்பல் கைப்பையை மூடினாள்.
அந்த ‘டக்’ எனக்குப் புரிந்தது,
அவருக்கும்.
நாற்காலியை அருகில் இழுத்துப் போட்டார்.
மார்ஃபின். இரண்டரை மில்லிகிராம்.
நுரையீரலை இது ஆற்றாது.
விரலில் மாட்டும் கருவியில் எண் ஏறாது.
காற்று போதவில்லை, போதவில்லை என்று
மண்டைக்குள் ஒருவன் அலறிக்கொண்டே இருக்கிறானே,
அவன் கொஞ்சம் தணிந்து பேசலாம்.
எல்லோருக்கும் தணிவதில்லை.
பார்ப்போம்.

அந்தக் குடும்பத்தை எங்களுக்குத் தெரியும்.
கூரை சரிந்து என் இடுப்பு நொறுங்கிய வருஷம்
அதன் பங்காளி ஒருவன்
எங்கள் குளியலறை அலமாரியில் குடியிருந்தான்.
மாதம் தொண்ணூறு மாத்திரை.
நான் எண்ணவில்லை.
ஜாரட் எண்ணினான்.
பதினேழு வயதில் அவனுக்கு
வலி என்று எதுவும் இல்லை,
நான் பார்த்தவரை.
இருபத்திரண்டில்
கதவை உடைத்துத்தான் எடுத்தோம்.

பூட்டுப் பெட்டியை ஓப்பல்
அதற்கப்புறம் வாங்கினாள்.
பன்னிரண்டு வருஷமாக அதில்
வீட்டுப் பத்திரமும் அவன் கைக்கடிகாரமும்.

ஆறு வாரம் மாட்டேன் என்றேன்.
மூச்சுக்கு முந்நூறு தடவை என்பார்கள்.
எனக்கு ஒரு தடவைக்கே
மூன்று மூச்சு.

பிப்ரவரியில் ஓர் இரவு
கழிப்பறையிலிருந்து திரும்பும் வழியில்
சுவரோடு சரிந்து உட்கார்ந்துவிட்டேன்.
வாய் திறந்திருந்தது,
காற்று இருந்தது,
இரண்டும் சேரவில்லை.
ஓப்பல் கைவிசிறியை
முகத்துக்கு நேரே பிடித்தபடி
விடியும்வரை ஒரு வார்த்தை பேசவில்லை.
விடிந்ததும் பெட்டியைக் காலி செய்தாள்.
கடிகாரத்தைத் துடைத்து ஜன்னலில் வைத்தாள்.

இப்போது ஊசியில்லாத சிரிஞ்சில்
கண்ணாடி போட்டுக்கொண்டு அளக்கிறாள்.
நோட்டில் எழுதுகிறாள்: தேதி, நேரம், மிச்சம்.
சாவி அவள் கழுத்தில்
என் சுரங்கத்துப் பித்தளை வில்லையோடு உரசுகிறது.
பக்கத்து வீட்டு வெர்லினிடம்
இதைப் பற்றி மூச்சு விடாதே என்றாள்.
விடுவதற்கு எங்கே இருக்கிறது?

கசப்பு. மேலே பொய்யாக ஒரு செர்ரி.
வயிறு கட்டிக்கொள்கிறது;
உலர்ந்த பிளம்ஸும் இன்னொரு மருந்தும்.
முதல் நாள்
இதற்காகவா மகனே என்று
காத்திருந்து பார்த்தேன்.
எதுவும் வரவில்லை.
அவனை வாரிக்கொண்டு போன வீட்டிலிருந்து
என்னிடம் ஒரு கூலியாள் வந்திருக்கிறான்.
தலை நிமிராமல்
வேலையை மட்டும் பார்க்கிறான்.

தபால் பெட்டிக்கு இப்போது
இரண்டு நிறுத்தம்.
வெறும் காற்றில் நிற்பதில்லை.
நேற்று குழாய் ரிப்பேர்க்காரனை
ஒரே மூச்சில் ஒரு முழு வாக்கியம் திட்டினேன்.
சமையலறையில் ஓப்பல் சிரித்தது கேட்டது.

ராத்திரி இரண்டு மணிக்கு
என் வாசலில் வந்து நிற்கிறாள்.
விளக்கைப் போடுவதில்லை.
வேறொரு கதவருகே
இப்படி நின்று பழகிய கால்கள்.

நான் தூங்குவதுபோல் கிடக்கிறேன்.
அவளுக்குக் கேட்கட்டும் என்று
கொஞ்சம் சத்தமாகவே
மூச்சு விடுகிறேன்.