தூண்மேல் வீடு

சியெம் ரீப்பில் முதல் நாள் முழுக்க
என்னைப் போகச் சொல்கிறார் என்றே நினைத்தேன்.
படியேறும்போது போங், தண்ணீர் நீட்டும்போது போங்,
நாகத்தின் ஏழு தலைக்கு முன்னால் நிறுத்திவைத்தும் போங்.
அவர்கள் மொழியில் அது அக்காவாம்.

மூன்று நாள். எனக்கென்று மட்டும் ஒரு வழிகாட்டி:
விச்சேத். ஐம்பதை எட்டாத முகம், வெளிறிய துணித்தொப்பி.
பாற்கடல் கடையும் அசுரர் எத்தனை பேர்,
வேர் இறுக்கிய வாசலில் எந்நேரம் வெயில் விழும்,
எந்தச் சுவர் எந்த அரசன்,
கதை எனக்குத் தெரிந்தது, கணக்கு அவருக்கு.
கடைசி மாலை 'ஊர் வாழ்க்கை' என்று போட்டிருந்தது.
பனையடியில் கொதிக்கும் பாகை
ஓலைத்துண்டில் வழித்துத் தந்தார்கள்.
நாக்கு சுட்ட வேகத்தில் சொல்லிவிட்டேன்:
சிங்கப்பூர் வந்தால் நான் சுற்றிக் காட்டுகிறேன்.

வந்துவிட்டார்.
கொரியாவில் வேலை பார்க்கும் மகளிடம் போகும் வழி,
சாங்கியில் ஒன்பது மணி நேரம்.

எனக்கு என்ன தெரியும்?
நகர மன்றத்தில் மின்தூக்கிப் புகார் கேட்பவள்.
எந்தக் கதவு எந்த மாடியில் சிக்கும் என்று தெரியும்.
தண்ணீர் துப்பும் சிங்கத்தைக் காட்டினேன்.
"எத்தனை வயது?"
"நூறு" என்றேன், தயங்காமல்.
கண்ணாடிக் கோபுரங்களை அண்ணாந்து
"எந்த அரசன்?" என்றார்.
வங்கியின் பெயரைச் சொன்னேன்.
மரியாதையாகத் தலையாட்டினார்.
பிறகு கேட்டார், "ஊர் எங்கே?"

தோ பாயோ. என் புளோக்கின் அடியில் வந்ததும்
தொப்பியைக் கழற்றினார்.
ஒருபக்கம் மலாய்க் கல்யாணத்துக்கு
நாற்காலிகள் இறங்கிக்கொண்டிருந்தன.
கல்மேசையில் ஒருவர் தன்னோடு தானே சதுரங்கம்.
சைக்கிள், பூனை, போன வாரச் சாவின் மெழுகுக் கறை.
தூண்களை எண்ணிக்கொண்டே போய்த் திரும்பி வந்தார்.
"போங், இது எங்கள் வீடு.
மேலே உறக்கம், கீழே மற்ற எல்லாம்.
உங்களுக்குக் கால் கொஞ்சம் தடிமன்,
தலையில் பாரம் கொஞ்சம் அதிகம்."

பதினொரு வருடமாக அந்த வழியாக வருகிறேன்.
அங்கே காற்று வரும், அவ்வளவுதான் தெரியும்.

மின்தூக்கி நல்லவேளை சிக்கவில்லை.
சமையலறை வாசலில் நின்று கேட்டார்:
"படம் எடுக்கலாமா?"

எனக்குச் சுருக்கென்றது.
அந்த ஊரில் ஒருத்தியின் அடுப்புவரை போனேன்.
சட்டிக்குள் எட்டிப் பார்த்தேன்.
பன்னிரண்டு படம் எடுத்தேன். கேட்கவில்லை.
பெயரையும்.

"அவள் பெயர் என்ன?"
"யார்?"
"மீன் புளிக்க வைத்திருந்தாளே, பச்சைச் சட்டை."
"சினாத்" என்றார். கோப்பியை ஒருமுறை ஊதினார்.
"என் மனைவி."

குழாய் சொட்டுவது கேட்டது.

"கம்பெனியில் அப்படித்தான் சொல்லச் சொல்வார்கள், போங்.
ஊர்க்காரர் வீடு என்று.
என் வீடு என்றால் நீங்கள் வெளியிலேயே நின்றிருப்பீர்கள்.
உள்ளே வந்தால்தானே வெல்லம் விற்கும்."

வாங்கியிருந்தேன், இரண்டு உருண்டை.
ஒன்று இன்னும் அலமாரியில்.
எடுத்து வைத்தேன். எறும்பு ஏறியிருந்தது.
தட்டிவிட்டு, பாதியை உடைத்து
என் கோப்பியில் போட்டார், கேட்காமல்.

"சிங்கத்துக்கு நூறு வயதில்லை" என்றேன்.
"தெரியும்" என்றார்.
"என் அரசர்களிலும் இரண்டு பேர்..."
மிச்சத்தைக் கையால் காற்றில் அழித்தார்.

இரவு, முனையத்தில்,
கடவுச்சீட்டைப் பல்லில் கவ்விக்கொண்டு
இடுப்புவாரைக் கட்டினார்.
கண்ணாடிக்கு அந்தப் பக்கம் போய்த் திரும்பினார்.
உதடு அசைந்தது, ஒரே ஒரு சொல்.

அக்கா என்றாரா, போகச் சொன்னாரா,
அதற்குள் வரிசை நகர்ந்துவிட்டது.
நான் கொஞ்ச நேரம்
போகாமல் நின்றேன்.