ஒரு லிட்டர் பிரசங்கம்

எங்கள் ஜெனரேட்டர் ஒரு லிட்டருக்கு
நாற்பது நிமிடம் ஓடும்.
பாஸ்டர் தேவசித்தம் தமிழில் இருபது,
ஸோ ஸோ அதைப் பர்மியத்தில் சொல்ல இன்னொரு இருபது.
ஆக, மோல்மீனில் தேவ வார்த்தை
இன்றைய விலைக்கு மூவாயிரத்து நானூறு கியாட்.
பாட்டுக்கும் கீபோர்டுக்கும் தனி.
பொருளாளர் நான்.
எனக்கு இப்படித்தான் கணக்குப் பார்க்க வரும்.

பீரோவில் செல்லரித்த பேரேடுகள் இருக்கின்றன.
முதல் பக்கத்தில் ஞானாபரணம் உபதேசியார்.
மர மில்லில் சங்கு ஊதி ஆட்கள் வெளியே வந்ததும்
தேக்குக் கட்டைமேல் ஏறிப் பேசியிருக்கிறார்.
மண்ணெண்ணெய் முக்கால் புட்டி.
கேட்டவர் நாற்பது. நின்றவர் ஆறு.
மீதி முப்பத்துநாலு பேர் எங்கே போனார்கள் என்று
அவர் எழுதவில்லை.
கள்ளுக்கடை என்பது என் அனுமானம்.

பிறகு ஒருவர் தூத்துக்குடியிலிருந்து கப்பலில் வந்தார்.
ஒரே வசனத்தில் ஒன்பது வாரம்.
ஓரத்தில் யாரோ பென்சிலால்:
இன்னும் செங்கடல் தாண்டவில்லை.
நாற்பத்திரண்டாம் வருஷம் வெறும் பக்கங்கள்.
அதன் பின் மெழுகுவத்தி, பாதி.
அறுபத்துநாலில் சபை கப்பல் கப்பலாய்ப் போனபோது
கேட்டவர் ஒன்பது,
அடுத்த வாரம் ஒன்பது,
எட்டு.

போன ஞாயிறு மழை.
கரண்ட் மூன்று மணிக்கே போய்விட்டது.
அன்றைய பகுதி, சாறிபாத் விதவை:
வறண்ட ஊர், ஒரு கைப்பிடி மாவு,
எடுக்க எடுக்கக் குறையாத எண்ணெய்.
பாஸ்டர் எப்போதும் மூன்று தலைப்பு வைப்பார்.
ஒன்று, அவளுடைய வறுமை.
இரண்டு, அவளுடைய கீழ்ப்படிதல்.
"மூன்றாவதாக, அந்தக் கலயம்" என்றார்.
ஜெனரேட்டர் இருமிவிட்டு நின்றது.
பங்க்கில் கலப்படம்,
இல்லாவிட்டால் ஸோ ஸோ அன்று நிதானமாய்ப் பேசினாள்.

முதலில் சிரித்ததும் அவள்தான்.
அதை மொழிபெயர்க்க வேண்டியிருக்கவில்லை.
அப்புறம் எல்லோரும், பாஸ்டரும்.
சிரிப்பு அடங்கியதும்
தகரத்தில் மழை மட்டும்.
அவருக்குக் குறிப்புத்தாள் தெரியவில்லை.
எங்களுக்கு அவர் முகம் தெரியவில்லை.

பின் பெஞ்சிலிருந்து டோ மியா மே,
மீன் விற்பவள், நாலு மாதமாய்த்தான் வருகிறாள்,
பர்மியத்தில் கேட்டாள்:
"அவளுக்கு ஒரு பையன் இருந்தானே,
அவன் என்ன ஆனான்?"

எங்கள் சபையில் பிரசங்கியை யாரும் கேள்வி கேட்டதில்லை.
நூறு வருஷப் பேரேட்டில் அப்படி ஒரு வரி கிடையாது.
அவளுக்கு எதுவும் தெரியாது.
கீபோர்டு வாசித்துக்கொண்டிருந்த கிதியோன்
வார்டு ஆபீஸில் பெயர் குலுக்கிய இரவு
மியாவாடி பக்கம் போனது,
கடைசிப் போன் ஏப்ரலில் வந்தது,
அவன் பாஸ்டருடைய பையன் என்பதுகூட.

ஸோ ஸோ அந்தக் கேள்வியைத் தமிழில் சொல்லவில்லை.
பாஸ்டருக்குப் பர்மியம் எங்களைவிட நன்றாக வரும்.
தமிழில் பேச வேண்டும் என்பது சபையின் தீர்மானம், அவ்வளவுதான்.

வெகுநேரம் கழித்து
"செத்துப்போனான்" என்றார், பர்மியத்திலேயே.
"அந்த அதிகாரத்தின் கடைசியில்.
அந்த இடத்தை நான் பிரசங்கித்ததே இல்லை."
மழை.
"பிறகு பிழைத்தான் என்று எழுதியிருக்கிறது."
"எழுதியிருக்கிறது" என்று மறுபடியும் சொன்னார்,
பணம் இன்னும் கைக்கு வராத ரசீதை
மடித்து வைத்திருப்பவர்போல.

"அப்படியா" என்றாள் மியா மே.
கூடையை நகர்த்தும் சத்தம் கேட்டது.

என் பெஞ்சுக்கடியில் தண்ணீர்ப் பாட்டிலில்
அரை லிட்டர் இருந்தது. இருபது நிமிடம்.
நான் எழுந்திருக்கவில்லை.

ராத்திரி எழுதினேன்:
பெட்ரோல் ஒரு லிட்டர். இருப்பு அரை.
கேட்டவர் பதினேழு.
நின்றவர் என்ற கட்டம்
இப்போதைய பேரேட்டில் இல்லை.
ஓரத்தில் பென்சிலால் போட்டேன்:
பதினேழு.